மணல் போனாலும் சித்திரம் நிற்கும்

எந்தத் தமிழ்க் குழந்தையிடமும் ஒரு காகிதத்தையும் பென்சிலையும் கொடுத்து, "ஒரு படம் போடு" என்று சொல்லிப் பாருங்கள். முதலில் இரண்டு மலைகள் எழும்பும். அவற்றின் நடுவே அரைச் சூரியன் எட்டிப் பார்க்கும். மலையடியிலிருந்து ஓர் ஆறு வளைந்து வரும். கரையில் ஒரு குடிசை, அதன் பக்கத்தில் ஒரு தென்னை, வானத்தில் நாலு பறவைகள். அந்தக் குழந்தை மலையையே கண்டிராத ஊரில் பிறந்ததாக இருக்கலாம். இருந்தாலும் படம் இதுவாகத்தான் இருக்கும்!

புதுச்சேரிக் குழந்தைகளும் இதற்கு விலக்கல்ல. கிழக்கே கண்ணெட்டிய தூரம் வரையில் வங்கக் கடல் விரிந்து கிடக்கிறது. நாள்தோறும் சூரியன் அந்தக் கடலிலிருந்துதான் எழுகிறான். ஆயினும் அவர்கள் நோட்டுப் புத்தகத்தில் அவன் இரண்டு மலைகளுக்கு நடுவில்தான் உதிப்பான். கண்ணெதிரே இருப்பதைக் கண்டு வரைவது அவ்வளவு சுலபமான காரியம் அல்ல என்பதற்கு இதைவிட வேறு சான்று வேண்டுமா?

இயற்கைக் காட்சிகளை வரைந்த ஓவியர்களைப் பற்றியும், அவர்களுடைய கலையைப் பற்றியும் மேல்நாட்டில் நூல்கள் குவிந்து கிடக்கின்றன. அப்படிப்பட்ட புத்தகங்களுக்கும் இந்தச் சின்னஞ்சிறு கடற்கரை நகரத்துக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்கத் தோன்றும். சம்பந்தம் உண்டு. கொஞ்சநஞ்சமல்ல, இருநூற்றைம்பது ஆண்டுச் சம்பந்தம்.

காந்தியடிகளைக் கவர்ந்தவரின் முதல் நூல்

ஜான் ரஸ்கின் என்ற பெயர் நமக்குப் புதிதல்ல. 1904ஆம் ஆண்டில் தென்னாப்பிரிக்காவில் ரயிலில் போகும்போது காந்தியடிகள் இரவெல்லாம் கண் விழித்துப் படித்து, தம் வாழ்க்கையையே மாற்றிக்கொள்ளும்படி செய்த சிறு புத்தகத்தை எழுதியவர் அவர். அந்த நூலைத்தான் காந்தியடிகள் பின்னர் 'சர்வோதயம்' என்ற பெயரில் குஜராத்தியில் சுருக்கித் தந்தார்.

ஆனால் ரஸ்கின் முதன்முதலில் பெயர் பெற்றது பொருளாதாரம் எழுதி அல்ல. ஓவியர்களைப் பற்றி எழுதித்தான். 1843இல், இருபத்து நாலு வயது வாலிபராக இருந்தபோது, 'நவீன ஓவியர்கள்' என்ற நூலின் முதல் பாகத்தை அவர் வெளியிட்டார். தம் பெயரைக்கூடப் போட்டுக்கொள்ளாமல், 'ஆக்ஸ்போர்டுப் பட்டதாரி ஒருவர்' என்று மட்டும் போட்டார். கடலையும் மேகத்தையும் ஒளியையும் வரைந்த டர்னர் என்ற ஓவியரைப் பத்திரிகைகள் பரிகாசம் செய்துகொண்டிருந்த காலம் அது. "நீங்கள் மேகத்தை என்றைக்காவது நிமிர்ந்து பார்த்ததுண்டா?" என்று கேட்காத குறையாக அந்த வாலிபர் எழுதினார். ஓவியருக்காக வாதாடத் தொடங்கிய புத்தகம், கடைசியில் மலை எப்படி உருவாகிறது, இலை எப்படி அடுக்கப்படுகிறது, அலை எப்படி உடைகிறது என்பதையெல்லாம் சொல்லி, 1860இல் ஐந்தாம் பாகத்தோடு முடிந்தது.

சித்திரத்தைப் பற்றிய நல்ல நூல் செய்யும் உபகாரம் அதுதான். படத்தைப் பார்க்கக் கற்றுக்கொடுப்பதோடு நில்லாமல், ஜன்னலுக்கு வெளியே இருப்பதையும் பார்க்கக் கற்றுக்கொடுத்துவிடுகிறது.

வானத்தைக் காண வந்தவர்

புதுச்சேரியின் காட்சி ஒன்று புத்தகத்தில் ஏறிய கதை விசித்திரமானது. அதற்குக் காரணமாக இருந்தவர் ஓவியரே அல்ல, வான சாஸ்திரி. பெயர் லெ ஜெந்தில்.

சுக்கிரன் சூரியனைக் கடந்து செல்லும் அபூர்வக் காட்சி 1761இல் வந்தது. அதைப் புதுச்சேரியிலிருந்து பார்த்துக் கணக்கிடுவதற்காக அவர் 1760இலேயே பிரான்சை விட்டுக் கப்பலேறினார். அவர் வந்து சேருவதற்குள், 1761 ஜனவரியில், நகரம் ஆங்கிலேயர் வசமாயிற்று. இங்கே இறங்க வழியில்லாமல் கப்பல் திரும்பியது. குறித்த நாளில் அவர் நடுக்கடலில் இருந்தார். காட்சி கண்ணில் பட்டது. ஆடுகிற கப்பலில் நின்றுகொண்டு அளவெடுக்க முடியுமா? எடுத்தும் பயன் இல்லை.

அடுத்த வாய்ப்பு 1769இல். எட்டு ஆண்டுகள்தானே என்று அவர் ஊர் திரும்பாமல் இந்தப் பக்கத்துத் தீவுகளிலும் கடல்களிலுமே சுற்றினார். 1768இல் புதுச்சேரி வந்து சேர்ந்தார். நகரம் மறுபடியும் பிரெஞ்சுக்காரர்கள் கையில் இருந்தது. ஆனால் ஆங்கிலேயர் தகர்த்துவிட்டுப் போன கோட்டை கற்குவியலாகக் கிடந்தது. அந்த இடிபாட்டின்மீதே தம் ஆராய்ச்சி மேடையை அமைத்துக்கொண்டார். காத்திருந்த காலத்தில் தமிழ்நாட்டுப் பஞ்சாங்கக் கணித முறையையும் உள்ளூர்க்காரர்களிடம் கேட்டுத் தெரிந்துகொண்டார். 1769 ஜூன் மாதம், குறித்த நாள் விடிந்தது. முந்தின நாட்களெல்லாம் பளிச்சென்று இருந்த வானத்தை அன்று பார்த்து மேகம் மூடிக்கொண்டது! எல்லாம் முடிந்த பிறகு சூரியன் ஒன்றும் அறியாதவனைப்போல் வெளியே வந்தான்.

மனம் உடைந்த அந்த மனிதர் 1771இல் தாய்நாடு திரும்பியபோது, அவர் இறந்துவிட்டார் என்றே முடிவு கட்டி உறவினர்கள் சொத்தைப் பிரித்துக்கொள்ள ஆயத்தமாக இருந்தார்கள். பிறகு அவர் எழுதிய பிரயாண நூல் 1779இலும் 1781இலும் இரண்டு பாகங்களாக வெளிவந்தது. அந்த நூலில்தான் 1769இல் இருந்த புதுச்சேரிக் கோட்டையின் இடிபாடுகள் செப்புத் தகட்டுப் படமாக இடம் பெற்றிருக்கின்றன.

பார்க்க வந்தது வானத்தை. விட்டுப்போனது பூமியின் காட்சியை. ஆனந்தரங்கப் பிள்ளை தம் நாட்குறிப்பில் எழுத்தெழுத்தாகப் பதித்து வைத்த நகரம் அது. நகரம் விழுவதற்குச் சில நாட்களுக்கு முன்புதான் அவர் கண்ணை மூடினார். அவர் காணாமல் போன அந்த அழிவைக் கண்ணால் காண வேண்டுமென்றால், ஒரு வான சாஸ்திரியின் புத்தகத்தைத்தான் புரட்ட வேண்டியிருக்கிறது.

சிற்றப்பாவும் பையனும்

அதற்குச் சில ஆண்டுகளுக்குப் பிறகு, தமிழ்நாட்டின் காட்சிகளைத் தேடியே இரண்டு ஓவியர்கள் வந்தார்கள். தாமஸ் டேனியல், அவருடைய அண்ணன் மகன் வில்லியம் டேனியல். இங்கிலாந்தை விட்டுப் புறப்படும்போது வில்லியத்துக்கு வயது பதினாறுதான். 1786இல் கல்கத்தாவில் இறங்கி, வடநாடெல்லாம் சுற்றிவிட்டு, 1792இல் சென்னைக்கு வந்து தெற்கு நோக்கிப் புறப்பட்டார்கள். திருச்சி மலைக்கோட்டை, தஞ்சைப் பெரிய கோயில், மதுரை, பாபநாசம் அருவி, மாமல்லபுரம் என்று அவர்கள் பென்சிலுக்கு அகப்பட்ட இடங்கள் பல.

ஊர் திரும்பி, 1795 முதல் 1808 வரையில், 144 படங்கள் கொண்ட 'கீழ்நாட்டுக் காட்சிகள்' என்ற மாபெரும் தொகுதியை வெளியிட்டார்கள். அந்தப் படங்களை அச்சிட்ட விதமே ஒரு கலை. செப்புத் தகட்டின்மேல் மரப்பிசின் பொடியைத் தூவிச் சூடு காட்டுவார்கள். பொடி தகட்டோடு ஒட்டிக்கொள்ளும். பிறகு தகட்டைத் திராவகத்தில் இட்டால், துகள்களுக்கு இடையே உள்ள செம்பை மட்டும் அது அரிக்கும். சிறிது நேரம் அரித்தால் மெல்லிய சாம்பல் நிறம். நெடுநேரம் அரித்தால் ஆழ்ந்த கருமை. எந்த இடம் வெளுப்பாக இருக்க வேண்டுமோ அந்த இடத்தை அரிபடாமல் பூசி மறைத்துவிடுவார்கள். மையிட்டுத் தாளில் ஒற்றி எடுத்த பிறகு வண்ணம் தீட்டுவார்கள். கோடே இல்லாமல் நிழலும் வெயிலும் தாளில் வந்து இறங்கும்.

மதுரைத் திருமலை நாயக்கர் மகாலை இன்று காண்கிறவர்கள், பத்தொன்பதாம் நூற்றாண்டில் பழுது பார்த்து எடுத்துக் கட்டப்பட்ட மகாலைக் காண்கிறார்கள். அதற்கு முன்பு அது சிதைந்து கிடந்த கோலத்தை டேனியல்களின் படத்தில் காண முடிகிறது.

இதில் ஒரு குறையும் உண்டு. அவர்கள் இங்கிலாந்துச் சீமான்களுக்காக வரைந்தார்கள். அழகிய இடிபாடு, அதன் ஓரத்தில் ஒரு மரம், நிழலில் இரண்டு மூன்று மனிதர்கள் என்ற சம்பிரதாயத்தை நமது மண்ணின்மேலும் ஏற்றித்தான் பார்த்தார்கள். வயலில் வேலை செய்கிறவனுக்கு அந்த மரம் என்ன, அந்தக் குளம் என்ன என்பது அவர்களுக்குத் தெரியாது. தெரியவேண்டிய அவசியமும் அவர்களுக்கு இருக்கவில்லை.

பாரிஸிலிருந்து ஒரு சித்திரக்காரி

புதுச்சேரியில் ஐம்பது ஆண்டுகளுக்கு மேல் வாழ்ந்து, லட்சக்கணக்கானோர் வணங்கும் ஸ்ரீ அன்னை, ஒரு காலத்தில் பாரிஸ் நகரத்து ஓவியராக இருந்தார் என்பது அவருடைய படத்தை வீட்டில் மாட்டியிருக்கும் பலருக்குக்கூடத் தெரியாது.

1878 பிப்ரவரி 21ஆம் தேதி பாரிஸில் பிறந்த மிர்ரா அல்பாஸா, 'அகாதெமி ஜூலியன்' என்ற பிரசித்தி பெற்ற ஓவியக் கூடத்தில் பயின்றார். 1897இல் ஹென்ரி மொரிஸே என்ற ஓவியரை மணந்தார். மொரிஸேயின் ஆசிரியர் குஸ்தாவ் மொரோ. பின்னாளில் உலகப் புகழ் அடைந்த மத்தீஸும் ருவோவும் அதே ஆசிரியரின் மாணவர்கள். 1903, 1904, 1905 ஆகிய மூன்று ஆண்டுகளிலும் பாரிஸின் தேசியக் கலைச் சங்கத்தின் கண்காட்சியில் மிர்ராவின் ஓவியங்கள் இடம் பெற்றன.

பிரான்சில் ஓவியம் தலைகீழாக மாறிக்கொண்டிருந்த காலம் அது. அதற்கு முன்பெல்லாம் ஓவியர் அறைக்குள் உட்கார்ந்துதான் காட்டையும் கடலையும் வரைவார். வண்ணத்தை அரைத்து எண்ணெயில் குழைத்து வைத்தால் அதை வெளியே தூக்கிக்கொண்டு போவது பெரும்பாடு. 1841இல் வண்ணத்தை அடைக்கும் தகரக் குழாய் வந்தது. நாம் பற்பசை பிதுக்குகிறோமே, அதே மாதிரிதான். குழாயைப் பையில் போட்டுக்கொண்டு ஓவியர்கள் வயல்வெளிக்கும் ஆற்றங்கரைக்கும் கிளம்பிவிட்டார்கள். 1874இல் மோனே என்பவர் துறைமுகத்துச் சூரியோதயத்தை வரைந்து கண்காட்சியில் வைத்தபோது, "இது படமா, அரைகுறை மனப்பதிவா?" என்று விமரிசகர் ஒருவர் கேலி செய்தார். கேலிப் பெயரே அந்தக் கூட்டத்தின் பட்டப் பெயராக நிலைத்துவிட்டது.

அந்த ஓவியர்களின் உலகத்தில்தான் இளம் மிர்ரா வளர்ந்தார். வீட்டின் உட்புறம், மனித முகங்கள், இயற்கைக் காட்சிகள் என்று வரைந்தார். 1906, 1907ஆம் ஆண்டுகளில் அல்ஜீரியாவில் திலெம்சென் என்ற ஊருக்குச் சென்றபோதும் தூரிகை கூடவே சென்றது. 1914 மார்ச் 29ஆம் தேதி முதன்முறையாகப் புதுச்சேரி வந்தார். மறு ஆண்டு திரும்ப நேர்ந்து, 1916 முதல் 1920 வரையில் ஜப்பானில் தங்கி, அந்நாட்டு மலைகளையும் மரங்களையும் வரைந்தார். 1920 ஏப்ரல் 24ஆம் தேதி மறுபடி வந்தவர், 1973இல் மறையும் வரையில் இந்த நகரத்தை விட்டுப் போகவில்லை.

பசிக்கு விலைபோன தூரிகை

1950களின் தொடக்கத்தில் ஆசிரமப் பள்ளிக் குழந்தைகளுக்கு அன்னை சொன்ன ஒரு கதை உண்டு. மொரோவின் மாணவர் ஒருவர். உண்மையிலேயே தேர்ந்த ஓவியர். ஆனால் வயிற்றுப்பாட்டுக்கே வழியில்லை. அவருக்கு உதவ நினைத்த நண்பர் ஒருவர், பட வியாபாரி ஒருவரை அவருடைய அறைக்கு அனுப்பி வைத்தார். ஓவியர் தம் சிறந்த படங்களை ஒவ்வொன்றாக எடுத்துக் காட்டினார். வியாபாரிக்கு ஒன்றும் பிடிக்கவில்லை.

திரும்பிப் போகிற சமயத்தில், மூலையில் கிடந்த ஒரு துணி வியாபாரியின் கண்ணில் பட்டது. வண்ணப் பலகையில் மிஞ்சிய வண்ணத்தைச் சுரண்டித் துடைத்து வைத்திருந்த துணி அது. "இதோ! இதுவல்லவா படம்! இது மாதிரி எத்தனை கொடுத்தாலும் வாங்கிக்கொள்கிறேன்" என்று வியாபாரி குதித்தார். ஓவியர் எவ்வளவோ எடுத்துச் சொன்னார். வியாபாரி கேட்கவில்லை. பசி கேட்டது. பிறகு அந்த ஓவியர் பெரும் புகழ் பெற்றார் என்று கதை முடிகிறது.

கேட்கும்போது சிரிப்பு வருகிறது. சிரித்து முடித்தபின் நெஞ்சு கனக்கிறது. கண்ணால் கண்டதை உண்மையாக வரையக் கற்றுக்கொள்ள ஒருவன் பல ஆண்டுகள் தவம் கிடக்கிறான். கடைசியில் அவன் துடைத்தெறிந்த துணிக்குத்தான் விலை கிடைக்கிறது. பாரிஸுக்கு மட்டுமா இந்தக் கதை பொருந்தும்? கலியாணப் பந்தலிலும் கடைப் பலகையிலும் கையை அடகு வைத்த நம் ஊர்ச் சித்திரக்காரர்களைக் கேட்டால் தெரியும்.

அன்னை வரைந்த ஓவியங்களும் கோட்டுச் சித்திரங்களும் 1992இல் ஸ்ரீ அரவிந்த ஆசிரமத்தின் வெளியீடாக ஒரே நூலாக வந்திருக்கின்றன. அதைப் புரட்டுகிறவர்கள் பிரான்சிலிருந்து புறப்பட்டு, அல்ஜீரியாவையும் ஜப்பானையும் கண்டு, புதுச்சேரிக்கு வந்து சேரலாம். தூரிகையின் வழியே ஒரு ஜீவிய சரித்திரம் என்றே சொல்ல வேண்டும்.

மலையும் நீரும், குறிஞ்சியும் நெய்தலும்

இந்த இடத்தில் இன்னோர் உறவையும் சொல்லாமல் இருக்க முடியாது. ஸ்ரீ அரவிந்தரின் அண்ணன் மன்மோகன் கோஷ், லண்டனில் படித்தபோது லாரன்ஸ் பின்யன் என்பவருடைய தோழர். 1890இல் இருவரும் வேறு இரு நண்பர்களுடன் சேர்ந்து ஒரு கவிதைத் தொகுதியே வெளியிட்டார்கள். பின்யன் பிற்காலத்தில் பிரிட்டிஷ் மியூசியத்தில் கீழ்நாட்டுச் சித்திரங்களுக்குப் பொறுப்பாளரானார். 1908இல் 'தூரக் கிழக்கின் ஓவியம்' என்ற நூலையும், 1911இல் சீன, ஜப்பானியக் கலைத் தத்துவத்தைப் பற்றிய ஒரு சிறு நூலையும் எழுதினார். சீன நாட்டு இயற்கைக் காட்சி ஓவியத்தை ஆங்கிலேயருக்கு அறிமுகம் செய்தவர்களில் அவர் முக்கியமானவர்.

சீன மொழியில் இயற்கைக் காட்சி ஓவியத்துக்குப் பெயர் 'மலை–நீர்'. அவ்வளவுதான்! மலை ஓங்கி நிற்கும். நீர் இறங்கி ஓடும். நடுவே எதுவும் வரையாமல் தாளை வெறுமையாக விட்டுவிடுவார்கள். அதுதான் மூடுபனி. பாலத்தின்மேல் கடுகளவு ஒரு மனிதன் நடந்து போவான். இயற்கையின் நடுவே மனிதனின் இடம் எவ்வளவு என்பதைப் பேசாமல் பேசும் படம் அது.

இதைப் படிக்கும் தமிழனுக்கு ஒரு நினைவு வராமல் போகாது. மலையைக் குறிஞ்சி என்றும், காட்டை முல்லை என்றும், வயலை மருதம் என்றும், கடற்கரையை நெய்தல் என்றும் பகுத்து, ஒவ்வொரு நிலத்துக்கும் ஒரு பொழுதையும் ஒரு பூவையும் ஒரு மன உணர்ச்சியையும் வகுத்துக் கொடுத்தவர்கள் நம் முன்னோர். புணர்தலுக்கு மலை, காத்திருத்தலுக்குக் காடு, ஊடலுக்கு வயல், இரங்கலுக்குக் கடற்கரை. உள்ளம் வேறு, நிலம் வேறு என்று அவர்கள் பிரித்துப் பார்க்கவே இல்லை. வண்ணத்தால் எழுதாமல் சொல்லால் எழுதினார்கள் என்பதுதான் வித்தியாசம்.

அந்தப் பரம்பரை புதுச்சேரியில் அறுந்துவிடவில்லை. 1908 முதல் 1918 வரையில் இங்கே வாழ்ந்த பாரதியார், நகருக்கு மேற்கே இருந்த மாஞ்சோலையைக் குயில் பாட்டின் களமாக்கினார். இந்த மண்ணிலேயே பிறந்த பாரதிதாசன், 1944இல் வெளிவந்த 'அழகின் சிரிப்பு' நூலில் கடல், தென்றல், காடு, குன்றம், ஆறு என்று ஒவ்வொன்றாக எடுத்துப் பாடினார். தலைப்புகளை மட்டும் படித்தால், ஓவியக் கண்காட்சியில் படங்களின் அடியில் ஒட்டிய சீட்டுகளோ என்று தோன்றும்.

மாறிப்போன கரை

இனி, குழந்தைகளின் நோட்டுப் புத்தகத்துக்குத் திரும்பலாம்.

பாரதியார் உலாவிய புதுச்சேரிக் கடற்கரை மணற்கரை. 1866இல் அமைத்த இரும்புப் பாலம் கடலுக்குள் நீண்டு நின்றது. 1952ஆம் ஆண்டுப் புயல் அதைக் கொண்டுபோயிற்று. அதற்கு மாற்றாக 1962இல் திறக்கப்பட்ட பாலத்திலும் ஒரு பகுதி 2022 மார்ச்சில் இடிந்து விழுந்தது. பாலத்தைவிடப் பெரிய நஷ்டம் மணல்தான். நம் கிழக்குக் கரையோரம் அலைகள் ஆண்டில் பெரும்பகுதி தெற்கிலிருந்து வடக்கே மணலைத் தள்ளிக்கொண்டே போகின்றன. 1980களின் கடைசியில் ஊருக்குத் தெற்கே துறைமுகத்துக்காகக் கற்சுவர் எழுந்ததும், மணல் சுவருக்குத் தெற்கே தேங்கிவிட்டது. வடக்கே இருந்த நகரக் கரைக்கு வரவு நின்றது. செலவு மட்டும் நடந்தது. மணல் போய், அலையைத் தடுக்கக் கொட்டிய கருங்கற்கள்தான் மிஞ்சின. கல்லையே கடற்கரை என்று நினைத்து ஒரு தலைமுறை வளர்ந்தது. 2018க்குப் பிறகு கடலுக்கடியில் தடுப்பு அமைத்ததால் ஒரு பகுதியில் மணல் மறுபடி சேர்ந்திருக்கிறது. ஆனால் பழைய கரை முழுவதும் திரும்பிவிடவில்லை.

கோட்டையைப் பீரங்கி அழிக்கும். பாலத்தைப் புயல் அழிக்கும். மணலைச் சுவர் அழிக்கும். இருந்த கோலம் இன்னதென்று பின்வருவோருக்குச் சொல்ல, யாராவது ஒருவர் அங்கே உட்கார்ந்து பார்த்து வரைந்திருக்க வேண்டும். வரைந்த தாளும் கடற்காற்றில் பூத்து, பழுப்பேறி, ஒருநாள் போய்விடும். புத்தகமாகிவிட்டால் அது ஒரே இடத்தில் இருப்பதில்லை. பல இடங்களில் இருக்கிறது. ஓர் ஊர்ப் பிரதி அழிந்தாலும் இன்னோர் ஊர்ப் பிரதி பிழைத்துக்கொள்ளும். லெ ஜெந்தில் கண்ட இடிபாடு இன்று நமக்குக் கிடைப்பது அதனால்தான்.

புதுச்சேரியில் புத்தகத்துக்குப் பஞ்சமில்லை. 1827இல் தொடங்கி இன்று ரொமேன் ரோலந்து பெயரைத் தாங்கி நிற்கும் பொது நூலகம் இருக்கிறது. 1955இல் ஏற்பட்ட பிரெஞ்சு ஆராய்ச்சி நிலையத்தின் நூலகம் இருக்கிறது. ஆசிரமத்து நூலகம் இருக்கிறது. பிற தேசத்து ஓவியர்கள் தங்கள் மலையையும் கடலையும் எப்படிப் பார்த்தார்கள் என்பதை அறிய இவை போதும். ஆனால் நம் வயலையும் ஏரியையும் உப்பங்கழியையும் வரைந்த ஓவியர்களைப் பற்றி, தமிழில், எளியவர்களும் வாங்கும் விலையில், வண்ணப் படங்களோடு வந்த நூல்கள் எத்தனை? விரல் விட்டு எண்ணினால் விரல் மிஞ்சும். எழுதத் தெரிந்தவர்களுக்கும் வெளியிட வசதியுள்ளவர்களுக்கும் இதைவிட நல்ல வேலை வேறு இல்லை.

அதுவரையில் பெற்றோர்கள் செய்யக்கூடிய காரியம் ஒன்று உண்டு. ஒரு ஞாயிற்றுக்கிழமை விடியற்காலையில் குழந்தையைக் கடற்கரைக்கு அழைத்துச் சென்று, கையில் நோட்டுப் புத்தகத்தையும் பென்சிலையும் கொடுக்கலாம். இங்கே மலை இல்லை. சூரியன் நீரிலிருந்துதான் எழுகிறான். குழந்தை அதை ஒரு தடவை கண்ணால் கண்டு வரைந்துவிட்டால், அந்த இரண்டு மலைகளும் தாமாகவே விலகி வழி விட்டுவிடும்.